வைக்கோலும் உலர்புல்லும்: சொல்லும் பயனும்

முன்னுரை

மொழிபெயர்ப்புத் தாள் ஒன்றைத் திருத்திக் கொண்டிருந்தபொழுது நேர்ந்த சிறு நிகழ்ச்சியே இக்கட்டுரைக்குக் காரணம். ஆங்கிலத்தில் 'ஸ்ட்ரா' எனவும் 'ஹே' எனவும் இரு சொற்கள் உள. 'ஹே' வரும் பகுதி ஒன்றைத் தமிழாக்கக் கொடுத்திருந்தேன். வகுப்பில் பெரும்பாலோர் அதனை 'வைக்கோல்' என்று எழுதியிருந்தனர். காட்டுமன்னார்கோயில் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து வரும் மாணவர் மட்டும் 'காயவைத்த புல்' என்று எழுதியிருந்தார். நான் அதனைச் சிவப்பு மையால் அடித்து, 'வைக்கோல்' எனத் திருத்தி, ஒரு மதிப்பெண்ணையும் குறைத்தேன்.

தாளைப் பெற்றுக்கொண்ட அம்மாணவர் தயங்கியவாறே என்னிடம் வந்தார். "ஐயா, வைக்கோலுங்கிறது நெல்லை அடிச்சு எடுத்த பிறகு மிஞ்சுறது. இதுல சொல்லியிருக்கிறது மாட்டுக்குன்னே அறுத்துக் காயவைக்கிற புல்லு. ரெண்டும் வேறங்க ஐயா" என்றார். அன்று அவருக்கு விடை கூற என்னால் இயலவில்லை. அகரமுதலிகளைப் புரட்டினேன், கால்நடை வளர்ப்போரையும் உழவர் பெருமக்களையும் வினவினேன். அவ்வாறு அறிந்தவற்றுள் சிலவற்றை மாணவர்க்கும் ஊர்ப் பெரியோர்க்கும் பயன்படும் வகையில் ஈண்டுத் தொகுத்துரைக்கின்றேன்.

சொல் வளம்

வைக்கோலுக்குத் தமிழில் 'வை' என்னும் ஓரெழுத்து ஒருமொழியே பெயராக வழங்கியுள்ளது. திருக்குறளில் குற்றங்கடிதல் அதிகாரத்து 435ஆம் குறளில் வரும் 'வைத்தூறு' என்பது வைக்கோற் குவியலைக் குறிப்பது. வருமுன் காவாதவனுடைய வாழ்வு எவ்வளவு விரைவில் அழியும் என்பதைக் காட்ட, நெருப்பின் முன் நிற்கும் வைக்கோற்போரைத் தேர்ந்துகொண்டார் வள்ளுவர். களத்து மேட்டில் போர் தீப்பற்றி எரிந்ததைக் கண்ணாற் கண்டவர்க்கே அவ்வுவமையின் அச்சம் முழுதும் விளங்கும்.

நெற்பயிரின் ஒவ்வோர் உறுப்புக்கும் நம் மொழியில் தனிப்பெயர் உண்டு. வயலில் நிற்கும் அடிக்கட்டை தாள், கதிரடித்தபின் எஞ்சுவது வைக்கோல், நொறுங்கியது கூளம், மணி பிடிக்காதது பதர், மேல்தோல் உமி, உள்தோல் தவிடு. குறுவையை அறுத்தபின் அதன் தாளை மடக்கி உழுது நடும் பருவத்திற்குத் 'தாளடி' என்றே பெயர். முறுக்கிய வைக்கோற் கயிறு பிரி. புன்செய்ப் பக்கம் சென்றால் சோளத்துக்கும் கம்புக்கும் தட்டை, நிலக்கடலைக்குக் கொடி, உளுந்துக்குப் பொட்டு எனப் பெயர்கள் விரியும்.

இத்துணைச் சொல் வளம் உடைய மொழியில், கால்நடைக்கென அறுத்து உலர்த்திச் சேமிக்கும் புல்லுக்கு மட்டும் நெல்விளையும் நாட்டு மக்களின் நாவில் தனிச்சொல் இல்லாதது ஏன்? 'உலர்புல்' என்பது கால்நடை மருத்துவரும் வேளாண் அறிஞரும் வழங்கும் ஆக்கச்சொல்லே ஆகும். காரணம் நிலத்தில் உள்ளது. குளிர் நாடுகளில் பனி பல மாதங்கள் மேய்ச்சல் நிலத்தை மூடிவிடும். ஆதலின் கோடையிலேயே புல்லை அறுத்து உலர்த்திச் சேமிப்பது அங்கே வாழ்வுக்கு இன்றியமையாத தொழில். நமக்கோ வரப்பிலும் வாய்க்காற் கரையிலும் ஆண்டின் பெரும்பகுதி பசும்புல் உண்டு. தை, மாசியில் களத்தில் வைக்கோல் மலையெனக் குவியும். தேவை எழாத இடத்தில் சொல்லும் எழவில்லை.

பழமொழிபோல் வழங்கும் 'வைக்கோற்போர் நாய்' இதற்குச் சான்று. தானும் உண்ணாமல் மாட்டையும் உண்ணவிடாத நாயின் கதை ஈசாப்பின் பெயரால் வழங்குவது. ஐரோப்பிய மொழிகளில் அந்நாய் படுத்திருப்பது மாட்டுத் தொட்டியில். காக்கும் தீனி பெரும்பாலும் உலர்புல். தமிழுக்கு வந்தபோது தொட்டி போராயிற்று, புல் வைக்கோலாயிற்று. கதைக்கு இம்மாற்றம் மிகப் பொருத்தமே. ஆனால் மாட்டின் வயிற்றுக்கு வரும்போது வைக்கோலும் உலர்புல்லும் ஒன்றாகிவிடுவதில்லை.

திருமறையில் தீவனச் சொற்கள்

அரபு மொழியிலும் இத்தகைய சொல் நுட்பம் காணக்கிடக்கின்றது. 'அஸ்ஃப்' என்னும் சொல் திருக்குர்ஆனில் இரண்டிடங்களில் வருகின்றது. 'அல்ஃபீல்' அத்தியாயத்தில் (105:5), அழிக்கப்பட்ட யானைப் படைக்கு உவமையாக வருமிடத்துத் தமிழ் மொழிபெயர்ப்பாளர் பலர் அதனை வைக்கோல் என்கின்றனர். 'அர்ரஹ்மான்' அத்தியாயத்தில் (55:12) தானியத்தோடு சேர்ந்து வருமிடத்து, தொலி என்றும் உமி என்றும் பெயர்க்கின்றனர். ஒரே சொல்லுக்கு இடம் நோக்கி இரு தமிழ்ச் சொற்களைத் தெரிந்தெடுத்த இம்முறை, மொழிபெயர்ப்புப் பயிலும் மாணவர் கருதத்தக்கது.

'அபஸ' அத்தியாயத்தில் (80:31, 32) மனிதர்க்கும் கால்நடைக்கும் உரிய உணவுகளை எண்ணிவரும் இடத்தில் கனியை அடுத்து 'அப்ப்' என்னும் சொல் வருகின்றது. மேய்ச்சற் புல், தீவனம் என்று அதற்குப் பொருள் கூறுவர். கலீஃபா உமர் (ரலி) அவர்கள் இவ்வசனத்தை ஓதியபோது, கனி இன்னதென அறிவோம், 'அப்ப்' என்பது யாது என வினவிப் பின் தம்மையே நிறுத்திக்கொண்டதாக ஒரு செய்தி வழங்குகின்றது. தெரியாத சொல்லின்முன் அவ்வளவு பெரியவர் காட்டிய பணிவை நினைக்குந்தோறும், சிவப்பு மையோடு நான் காட்டிய விரைவு எனக்கு நாணம் தருகின்றது.

'அல்அஃலா' அத்தியாயமோ (87:4, 5), மேய்ச்சற் புல்லை முளைப்பிக்கும் இறைவனே பின்னர் அதனைக் கருகிய கூளமாகவும் ஆக்குகின்றான் என்கின்றது. பசுமைக்கும் கூளத்துக்கும் இடையே புல்லுக்கு ஒரு பருவம் உண்டு. அப்பருவம் தவறாமல் அறுத்துக்கொள்வதே உலர்புல் செய்யும் கலை.

இரண்டும் வேறாவது எங்ஙனம்?

புல்லும் நெல்லும் ஒரே குடும்பத்துத் தாவரங்கள். வேறுபாடு அறுக்கும் பருவத்தில் உள்ளது. புல் பூக்கத் தொடங்கும் பருவத்தில் அதன் சத்து இலையிலும் தண்டிலும் இருக்கும். அப்பொழுதே அறுத்து, இரண்டு மூன்று நாள் புரட்டிப் புரட்டி உலர்த்தி, ஈரம் நூற்றுக்குப் பதினைந்துக்கு மேற்படாமல் சேமித்தால் அதுவே உலர்புல். நன்கு செய்த உலர்புல்லில் பச்சை நிறம் மங்காமல் இருக்கும், நறுமணம் இருக்கும், இலை உதிராது.

வைக்கோலின் நிலை வேறு. பயிர் முற்றும்போது தன் சத்தை எல்லாம் மணிகளுக்கு ஊட்டிவிடுகின்றது. பிள்ளைகளுக்கு அனைத்தையும் ஈந்த தாயின் மெலிந்த உடல்போல் நிற்பதே வைக்கோல். நெல் வைக்கோலில் புரதம் நூற்றுக்கு மூன்று அல்லது நான்கு பங்குதான். சிலிக்கா என்னும் மணற்சத்தோ மிகுதி. புறத்தே வன்மை உடையவற்றைப் 'புல்' என்றும், அகத்தே வன்மை உடையவற்றை 'மரம்' என்றும் தொல்காப்பிய மரபியல் பகுத்தது. வைக்கோலைக் கையில் ஏந்தி உருவிப் பார்ப்போர்க்கு அப்'புறக்காழ்' விரல் நுனியிலேயே தெரியும்.

கறவைக்கு எது?

மாட்டின் முதல் இரைப்பையில் கண்ணுக்குப் புலனாகா நுண்ணுயிர்கள் கோடிக்கணக்கில் வாழ்கின்றன. நாரைச் செரிப்பவை அவையே. அவை வாழப் புரதம் வேண்டும். தீவனத்தில் புரதம் நூற்றுக்கு ஏழு பங்கிற்குக் குறைந்தால் நுண்ணுயிர்கள் மெலியும்; செரிமானம் தடைப்படும். வைக்கோலை மட்டும் தின்னும் மாடு வயிறு புடைத்திருந்தும் பசித்திருப்பது இதனாலேதான். வயிறு நிறைந்தது கண்டு உடையவர் மனநிறைவு கொள்வார். மாடோ எலும்பு தெரிய நிற்கும். மேலும், வைக்கோலில் உள்ள ஆக்சலேட்டு எனும் பொருள் சுண்ணாம்புச் சத்தைக் கட்டிவிடுவதால் கறவை மாட்டுக்கு அச்சத்தும் குறையும்.

அங்ஙனமாயின் வைக்கோலை விலக்குவதா? அன்று. வைக்கோல் நார் தரும், அசைபோட வைக்கும். இளம் பசும்புல்லை மட்டும் தின்றால் ஏற்படும் கழிச்சலைத் தடுக்கும். ஆதலின் வைக்கோலோடு பசுந்தீவனமும் சிறிது புண்ணாக்கும் தவிடும் தாது உப்பும் சேரவேண்டும். நான்கு ஐந்து கிலோ வைக்கோலும் பதினைந்து இருபது கிலோ பசுந்தீவனமும் ஒரு கறவைக்கு நாளொன்றுக்குப் பொதுவாகக் கூறப்படும் அளவு. பசுந்தீவனம் கிடையாத கோடையில், அதன் குறையைப் பேரளவு ஈடுசெய்வது உலர்புல்லே.

வைக்கோல் ஒன்றே கதி என்னும் வீட்டுக்கும் ஒரு வழி உண்டு. நூறு கிலோ வைக்கோலுக்கு நான்கு கிலோ யூரியாவை ஐம்பது அறுபது லிட்டர் நீரில் முழுதும் கரைத்து, வைக்கோலை அடுக்கடுக்காகப் பரப்பித் தெளித்து, மிதித்து, காற்றுப் புகாமல் மூடி மூன்று வாரம் வைத்திருப்பர். புரதம் ஏறத்தாழ இருமடங்காகும், நாரும் இளகும். திறந்ததும் காற்றாடவிட்டு நெடி நீங்கியபின் சிறிது சிறிதாகப் பழக்க வேண்டும். ஆறு மாதத்திற்குட்பட்ட கன்றுக்குக் கொடுத்தலாகாது. கரைசலை மாடு குடித்துவிட்டால் உயிருக்கே கேடு. ஆதலின் முதன்முறை செய்வோர் கால்நடை மருத்துவரின் அறிவுரையோடு செய்தல் வேண்டும்.

ஆட்டுக்கு எது?

நம் சமுதாயத்தார்க்கு இவ்வினா ஆண்டுதோறும் எழுவது. ஹஜ்ஜுப் பெருநாளுக்குச் சில வாரங்கள் முன்னரே ஆட்டை வாங்கிக் கொல்லையில் கட்டுவோர் பலர். அன்பு மிகுதியால் வீட்டுச் சோறும் கஞ்சியும் அரிசியும் அளவின்றிக் கொடுப்பர். பழக்கமில்லாத மாவுத்தீனி ஆட்டின் இரைப்பையில் புளித்து அமிலமாகும், வயிறு ஊதும், சில வேளை பெருநாளுக்கு முன்பே ஆடு இறந்துவிடும். அஞ்சி, வைக்கோலை மட்டும் போட்டாலோ ஆடு அதனை விரும்பாது, மெலியும். எலும்பில் ஊன் அற்றுப்போகுமளவு மெலிந்த பிராணி குர்பானிக்கு ஏற்றதன்று என்பது மார்க்கச் சட்டம்.

ஆடு இயல்பால் தழை தின்னும் உயிர். அகத்தி, கல்யாண முருங்கை, பண்ருட்டிப் பக்கத்தில் எளிதிற் கிடைக்கும் பலாத்தழை, இவற்றோடு உலர்ந்த நிலக்கடலைக் கொடி, உளுந்தம்பொட்டு ஆகியன அதற்கு உகந்தவை. வயிறு முதுகோடு ஒட்டிய ஓர் ஒட்டகத்தைக் கண்ட நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள், வாயில்லா இவ்வுயிர்கள் பற்றி இறைவனை அஞ்சிக்கொள்ளுமாறு எச்சரித்த செய்தி அபூதாவூத் தொகுப்பில் உள்ளது. தீவனம் அறிந்து கொடுப்பதும் அவ்வச்சத்தின் ஒரு பகுதியன்றோ?

தோட்டத்திற்கு எது?

கால்நடைக்கு எது நன்று என்பதைத் தலைகீழாக்கினால் தோட்டத்திற்கு எது நன்று என்பதற்கு விடை கிடைக்கும். நிலத்திற்கு மூடாக்கு இடுவதற்கு வைக்கோலே சிறந்தது. மணிகள் உதிர்ந்துபோனமையால் அதில் விதை குறைவு. சத்துக் குறைவாதலின் விரைவில் மட்காது. உள்ளே புழை உடையதாதலின் காற்றும் புகும். உலர்புல்லிலோ புல்விதைகள் கலந்திருக்கக் கூடும். அதனைப் பாத்தியில் பரப்பினால், களையை அடக்கப் போய்க் களையை விதைத்தவராவோம். ஆனால் எருக்குழிக்கு உலர்புல் ஏற்றது. சத்து மிகுதியால் விரைந்து மட்கும். குழியின் சூட்டில் விதைகளும் பெரும்பாலும் அழியும்.

வைக்கோலை மண்ணோடு கலந்து கொத்திவிடுதல் பிழை. அதனை மட்கச்செய்யும் நுண்ணுயிர்கள் மண்ணிலுள்ள தழைச்சத்தைத் தாமே எடுத்துக்கொள்ளும். செடி சில வாரம் மஞ்சளித்து நிற்கும். மேலே மூன்று நான்கு அங்குலத்திற்குப் பரப்பி, தண்டை ஒட்டாமல் சிறிது இடைவெளி விட்டால் போதும். கத்தரி, மிளகாய், தக்காளிப் பாத்திகளில் நீர் ஆவியாவது குறையும். பரங்கிப்பேட்டை போன்ற கடற்கரை ஊர்களில், வெயிலில் நீர் ஆவியாகுந்தோறும் உப்பு மேலே ஏறும் மண்ணுக்கு இம்மூடாக்கு பெருந்துணை. மழைக்காலத்தில் நத்தையும் கோடையில் கறையானும் சேரா வண்ணம் அவ்வப்போது கிளறிவிடுதல் நன்று.

கடலூர் மாவட்டத்தின் இருவகை வளம்

நம் மாவட்டம் இவ்விரண்டையும் அறிந்துகொள்ள வாய்த்த இடம். கிழக்கும் தெற்கும் நெல்நாடு. 1836இல் கொள்ளிடத்தின் குறுக்கே கட்டப்பட்ட கீழணையிலிருந்து வடவாற்றின் வழியே வீராணம் ஏரிக்கு நீர் வருகின்றது. சோழர் காலத்து அவ்வேரி காட்டுமன்னார்கோயில், சிதம்பரம் பகுதிகளின் சம்பா வயல்களுக்கு ஊட்டமளிக்கின்றது. இங்கு மிஞ்சுவது வைக்கோல். மேற்கே விருத்தாசலம் பக்கம் நிலக்கடலை விளையும் பூமி, 'வி.ஆர்.ஐ.' என்னும் பெயர்வரிசை கொண்ட நிலக்கடலை இரகங்கள் விருத்தாசலம் ஆராய்ச்சி நிலையம் தந்தவை. அங்கு மிஞ்சுவது கடலைக்கொடி. பசுமை மாறுமுன் பிடுங்கி நிழலில் உலர்த்திய கடலைக்கொடியில் புரதம் வைக்கோலைப்போல் மும்மடங்குக்குக் குறையாது. புல் அன்றெனினும் பயனால் அதுவே நம் மண்ணின் உலர்புல் எனலாம். சம்பா அறுவடையை ஒட்டி ஈரம் காயாத வயலில் விதைக்கும் உளுந்தின் பொட்டும் அவ்வகையதே.

ஆகவே, நெல்நாட்டார் உலர்புல் வேண்டி நெடுந்தொலைவு தேட வேண்டியதில்லை. வரப்பில் சிறிது கொழுக்கட்டைப் புல், வேலியோரம் வேலிமசால், அகத்தி. உளுந்தைப் பிடுங்கிய பின் பொட்டை மழை படாமல் காத்தல். மேற்கேயிருந்து ஒரு வண்டிக் கடலைக்கொடி. வடகிழக்குப் பருவமழை பெய்யும் ஐப்பசி, கார்த்திகையில் புல்லை உலர்த்துதல் அரிது. தை முதல் வைகாசி வரை வெயில் நமக்குத் துணை.

வைக்கோலைக் காப்பதிலும் இன்று கருத்துச் செலுத்த வேண்டியுள்ளது. 2011 டிசம்பரில் 'தானே' புயல், 2015இன் பெருவெள்ளம், 2024 இறுதியில் 'ஃபெஞ்சல்' புயலை ஒட்டிய வெள்ளம் என நம் மாவட்டம் கண்டவை பல. நனைந்து பூசணம் பூத்த வைக்கோல் மாட்டுக்கு நஞ்சு; உலர்த்திக் கொடுத்தாலும் நஞ்சு நீங்காது. ஈரத்தோடு போரிட்டால் உள்ளே வெப்பம் மூண்டு தானே தீப்பற்றவும் கூடும். மேட்டில் கட்டை பரப்பி, அதன்மேல் போரிட்டு, உச்சியைக் கூம்பாகக் கட்டிய நம் முன்னோர் முறை வெறும் அழகுக்கன்று.

அறுவடை இயந்திரம் வந்தபின் வைக்கோல் நொறுங்கி வயலிலேயே கிடக்கின்றது. கட்டும் இயந்திரம் அதனை உருளைகளாக்கி வெளியூர்களுக்கு அனுப்ப உதவுகின்றது. முன்னர்க் களத்தில் கூலி நெல்லோடு ஒரு கட்டு வைக்கோலும் பெற்று ஒற்றை மாட்டைக் காத்த ஏழைக் குடும்பம், இன்று அதே வைக்கோலைக் காசு கொடுத்து வாங்க வேண்டியுள்ளது. சிலர் வயலிலேயே தீ வைக்கின்றனர். ஒரு டன் வைக்கோலில் 5 முதல் 8 கிலோ தழைச்சத்தும் 12 முதல் 17 கிலோ பொட்டாசியமும் உள்ளன; எரித்தால் தழைச்சத்து ஏறத்தாழ முழுதும் புகையாய்ப் போகும். எரிப்பதற்கு மாறாக, மாடு வைத்திருக்கும் அயலார்க்கு ஒரு கட்டேனும் ஈதல் ஸதக்காவன்றோ?

நிறைவுரை

வைக்கோல் வயிற்றை நிரப்பும். உலர்புல் உடலை வளர்க்கும். வைக்கோல் நிலத்தைப் போர்த்தும்; உலர்புல் எருக்குழியை வளப்படுத்தும். ஒன்று உயர்ந்தது, மற்றது தாழ்ந்தது என்பதில்லை. இடம் மாறினால் இரண்டும் வீணாகும். 'யூசுஃப்' அத்தியாயத்தில் (12:47), வரவிருக்கும் பஞ்சத்தை எண்ணித் தானியத்தைக் கதிரோடு சேமிக்குமாறு யூசுஃப் நபி (அலை) அவர்கள் கூறிய அறிவுரை மனிதர் உணவுக்கு மட்டும் உரியதன்று, தொழுவத்திற்கும் உரியது.

மாணவச் செல்வங்களே! அகரமுதலி சொல்லைத் தரும். பொருளைத் தருவது வயலும் களமும் தொழுவமும். உங்களுள் பலர் அவ்விடங்களிலிருந்தே இக்கல்லூரிக்கு வருகின்றீர்கள். வீட்டில் கேட்டறிந்த சொல், ஆசிரியர் கூறும் சொல்லோடு மாறுபட்டால் தயங்காது கேளுங்கள். அம்மாணவருக்கு நான் குறைத்த மதிப்பெண்ணை மறுநாளே வகுப்பறையில், அனைவர் முன்னிலையிலும் திருப்பிக் கொடுத்துவிட்டேன். அவர் கற்பித்த பாடத்திற்கு ஈடாக என்னால் கொடுக்க முடிந்தது அவ்வளவே.